ஆட்டத்தின் நடுவே வந்து நிற்கும் பாப்-அப்: நான் அதை நிறுத்திய விதம்

வலங்கைமானில் எனக்கு ஒரு ஜெராக்ஸ் கடை. பகல் முழுக்கச் சிட்டா, அடங்கல், தேர்வு விண்ணப்பம் என்று ஓடும் அதே கணினியில்தான் இரவு பத்து மணிக்கு ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2 விளையாடுவேன். 2022-இல் அதில் திராவிடர் என்ற நாகரிகத்தையும் ராஜேந்திர சோழனின் படையெடுப்பையும் சேர்த்தார்கள். அன்றிலிருந்து விட முடியவில்லை. சிங்கப்பூரில் வேலை பார்க்கும் மச்சானும் சேர்ந்துகொள்வார். இங்கே பத்து மணி என்றால் அங்கே நள்ளிரவு பன்னிரண்டரை. மறுநாள் வேலைக்குப் போகவேண்டிய மனிதர் தூக்கத்தை விட்டுவிட்டு எனக்காக உட்கார்ந்திருப்பார்.

அந்த நேரத்தில் திரையில் ஒரு பெட்டி வந்து விழும். ஆட்டம் கீழே இறங்கிவிடும், டெஸ்க்டாப் தெரியும். நான் திரும்பிப் போவதற்குள் கப்பல்கள் மூழ்கியிருக்கும். போன நவம்பரில், சம்பா பயிர்க் காப்பீட்டுக்குக் கடையில் கூட்டம் அலைமோதிய நாட்களில், இது கால் மணிக்கு ஒரு தடவை என்று ஆனது. மூன்று இரவு உட்கார்ந்து ஒவ்வொன்றாகக் கண்டுபிடித்தேன். செய்ததை வரிசையாக எழுதுகிறேன்.

முதலில் ஒரு விஷயம் புரியவேண்டும். எனக்கு இது புரியாததால்தான் முதல் இரண்டு இரவும் வீணாயின. பாப்-அப் இரண்டு வகை. ஒன்று, விண்டோஸின் அறிவிப்பு வழியாக வலது கீழ் மூலையில் வருவது. இன்னொன்று, ஏதோ ஒரு மென்பொருள் தானே ஒரு சன்னலைத் திறந்து நடுத்திரையில் போடுவது. விண்டோஸில் உள்ள "தொந்தரவு வேண்டாம்" பொத்தான் முதல் வகையை மட்டும்தான் நிறுத்தும். இரண்டாம் வகைக்கு அது தெரியவே தெரியாது. அதை அமுக்கிவிட்டேனே, இன்னும் ஏன் வருகிறது என்று குழம்புகிறவர்கள் எல்லாரும் இந்த இடத்தில்தான் நிற்கிறார்கள்.

முதல் வகை: மூலையில் வருபவை

விண்டோஸ் 11 என்றால் செட்டிங்ஸ், சிஸ்டம், நோட்டிஃபிகேஷன்ஸ். அங்கே "டூ நாட் டிஸ்டர்ப்" இருக்கும். அதை எப்போதும் போட்டு வைக்கவேண்டாம். அதற்குக் கீழே, தானாகவே அது எப்போது இயங்கவேண்டும் என்று கேட்கும் பகுதியைத் திறந்து, விளையாடும்போது என்பதையும் முழுத்திரையில் ஒரு செயலி இருக்கும்போது என்பதையும் டிக் செய்யுங்கள். இரண்டையும் செய்யுங்கள். சில பழைய விளையாட்டுகளை விண்டோஸ் விளையாட்டு என்று அடையாளம் காண்பதில்லை.

விண்டோஸ் 10-இல் இதன் பெயர் ஃபோகஸ் அசிஸ்ட். சிஸ்டம் பகுதிக்குள்ளேயே இருக்கும். அதில் "ஆட்டோமேட்டிக் ரூல்ஸ்" கீழே அதே இரண்டு விதிகள். விதியின் பெயரைச் சொடுக்கி உள்ளே போனால், ஃபோகஸ் அசிஸ்ட் தானாக இயங்கியதும் அதை அறிவிக்கவா என்று ஒரு டிக் இருக்கும். அதையும் எடுத்துவிடுங்கள்.

உள்ளே "பிரையாரிட்டி ஒன்லி", "அலாரம்ஸ் ஒன்லி" என்று இரண்டு தேர்வு. நான் அலாரத்தைத்தான் வைத்திருக்கிறேன். எங்கள் பக்கம் பம்ப்செட்டுக்கு மும்முனை மின்சாரம் சில நாள் இரவில்தான் வரும். மோட்டார் போட அப்பாவை எழுப்பக்கூடாது என்று கணினியிலேயே அலாரம் வைத்துவிட்டு விளையாடுவேன். அது மட்டும் வந்தாகவேண்டும். விண்டோஸ் 11-இல் இதற்குக் கிளாக் செயலியை முன்னுரிமைப் பட்டியலில் சேர்த்துக்கொள்ளுங்கள்.

அப்புறம் குரோம். கடைக் கணினி என்பதால் வேலைவாய்ப்புத் தளம், தேர்வு முடிவுத் தளம் என்று யார் யாரோ எதை எதையோ திறந்திருப்பார்கள். "அனுமதி" என்று ஒரு பொத்தான் வந்தால் அவசரத்தில் அமுக்கிவிடுவார்கள். அன்றிலிருந்து உங்கள் கணினியில் வைரஸ் இருக்கிறது என்று பயமுறுத்தும் அறிவிப்புகள் வரத் தொடங்கும். அது வைரஸ் அல்ல, அந்தத் தளம் அனுப்பும் விளம்பரம். குரோம் செட்டிங்ஸில் பிரைவசி அண்ட் செக்யூரிட்டி, சைட் செட்டிங்ஸ், நோட்டிஃபிகேஷன்ஸ் போய், அனுமதி பெற்ற தளங்களின் பட்டியலைப் பாருங்கள். என்னுடையதில் முப்பதுக்கு மேல் இருந்தன. எல்லாவற்றையும் நீக்கிவிட்டு, இனி எந்தத் தளமும் கேட்கக்கூடாது என்று வைத்துவிட்டேன். அதே செட்டிங்ஸில் சிஸ்டம் பகுதியில், குரோமை மூடிய பிறகும் பின்னணியில் ஓடவிடும் தேர்வு ஒன்று உண்டு. அதையும் நிறுத்துங்கள். எட்ஜிலும் இதே போல உண்டு.

ஷிஃப்ட் பொத்தான்

ஷிஃப்டைத் தொடர்ந்து ஐந்து தடவை தட்டினால் ஸ்டிக்கி கீஸ் வேண்டுமா என்று விண்டோஸ் கேட்கும். வலது ஷிஃப்டை எட்டு நொடி அழுத்திப் பிடித்தால் ஃபில்டர் கீஸ். ஓடுவதற்கு ஷிஃப்ட் வைத்திருக்கும் துப்பாக்கி விளையாட்டுகளில் இது நிச்சயம் வரும். செட்டிங்ஸில் ஆக்ஸசிபிலிட்டி, கீபோர்டு போய், இந்த இரண்டின் குறுக்குவழியை மட்டும் நிறுத்துங்கள். விண்டோஸ் 10-இல் அந்தப் பகுதியின் பெயர் ஈஸ் ஆஃப் ஆக்ஸஸ். ஸ்டிக்கி கீஸ், இரண்டு விசைகளைச் சேர்த்து அழுத்த முடியாதவர்களுக்காகச் செய்த வசதி; ஃபில்டர் கீஸ், கை நடுங்கி ஒரே விசையைத் திரும்பத் திரும்ப அழுத்திவிடுகிறவர்களுக்காகச் செய்தது. உங்கள் வீட்டில் யாருக்காவது அது தேவைப்படும் என்றால் கைவைக்காதீர்கள்.

இரண்டாம் வகை: யார் திறந்தது என்று கண்டுபிடிப்பது

என்னைப் படுத்தியது இதுதான். நடுத்திரையில் ஒரு சிறிய பெட்டி, தலைப்பில் பெயர்கூட இல்லை. ஓடும் மென்பொருள்களைப் பட்டியலிடும் டாஸ்க் மேனேஜரைத் திறந்தால் நூறு பெயர்கள் ஓடுகின்றன. எது இதைப் போட்டது?

இதற்கு ஒரே ஒரு கருவிதான் சொல்வேன்: பிராசஸ் எக்ஸ்ப்ளோரர். மார்க் ருசினோவிச்சும் பிரைஸ் காக்ஸ்வெல்லும் தொடங்கிய சிஸ்இன்டர்னல்ஸ் தொகுப்பில் உள்ளது. 2006-இல் மைக்ரோசாஃப்ட் அதை வாங்கிக்கொண்டதால் அவர்களின் தளத்திலேயே இலவசமாகக் கிடைக்கிறது. நிறுவத் தேவையில்லை, ஜிப்பைப் பிரித்து, அட்மினிஸ்ட்ரேட்டராக இயக்கினால் போதும்.

ஆட்டத்தை அன்று ஒரு நாள் மட்டும் முழுத்திரையில் வைக்காமல் விண்டோ முறையில் வைத்துக்கொள்ளுங்கள். பக்கத்திலேயே பிராசஸ் எக்ஸ்ப்ளோரர் திறந்திருக்கட்டும். அதன் மேல்பட்டையில் குறி பார்க்கும் வட்டம் போல ஒரு படம் இருக்கும். பாப்-அப் வந்ததும் அந்த வட்டத்தை இழுத்துக்கொண்டு போய்ப் பாப்-அப்பின் மேல் விடவேண்டும். நான் அதைச் சொடுக்கிவிட்டுக் காத்திருந்தேன். ஒன்றும் நடக்கவில்லை, கருவி பழுது என்று மூடிவிட்டேன். சொடுக்கக்கூடாது. மவுஸ் பொத்தானை விடாமல் பிடித்தபடியே இழுத்துப் போய், பெட்டியின் மேல் வந்த பிறகு விடவேண்டும். விட்ட கணமே பட்டியலில் ஒரு வரி தேர்வாகி நிற்கும். அதுதான் ஆள்.

அந்த வரியை இரட்டைச் சொடுக்கு செய்தால் "இமேஜ்" என்ற தாவலில் கோப்பு எங்கே இருக்கிறது என்பதும், "ஆட்டோஸ்டார்ட் லொகேஷன்" என்ற வரியில் அது எங்கிருந்து தானாகத் தொடங்குகிறது என்பதும் தெரியும். தேர்வான பெயர் ஷெல் எக்ஸ்பீரியன்ஸ் ஹோஸ்ட் என்று இருந்தால், அது விண்டோஸின் அறிவிப்பு. திரும்ப மேலே போய் முதல் வகைக்கு உள்ளதைச் செய்யுங்கள்.

என் கணினியில் மாட்டியது பிரிண்டரின் மென்பொருள். காப்பீட்டுக்கு நாளெல்லாம் அடங்கல் நகல் எடுத்ததில் மை இறங்கி, அதைத்தான் கால் மணிக்கு ஒரு தடவை சொல்லிக்கொண்டிருந்தது. கோபத்தில் மொத்த மென்பொருளையும் நீக்கிவிட்டேன். மறுநாள் காலை ஒன்பது மணிக்கு வாசலில் பதினைந்து விவசாயிகள் நிற்க, ஒரு தாள்கூட வரவில்லை. தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள். பிரிண்டரின் பிராப்பர்ட்டீஸ் உள்ளே ஸ்டேட்டஸ் மானிட்டர், அலர்ட் என்று ஏதாவது ஒரு பெயரில் இந்த எச்சரிக்கைக்கு ஒரு டிக் இருக்கும். அதை எடுத்தால் போதும், அச்சுக்கு எந்தக் கெடுதலும் இல்லை.

இரண்டாவது ஆள், கணினி வாங்கும்போதே கூட வந்த ஒரு சோதனைக்கால ஆன்டிவைரஸ். காலம் முடிந்துவிட்டது, பணம் கட்டு என்று கேட்டுக்கொண்டே இருந்தது. அதை முழுதாக நீக்கினேன். விண்டோஸுடன் வரும் டிஃபெண்டர் தானாகவே பொறுப்பை எடுத்துக்கொண்டது. நீங்கள் பணம் கட்டி வேறு ஆன்டிவைரஸ் வைத்திருந்தால், அதில் கேம் மோட் அல்லது சைலன்ட் மோட் இருக்கிறதா என்று பாருங்கள். பாதுகாப்பை அணைத்துவிட்டு மட்டும் விளையாடாதீர்கள்.

மீதியெல்லாம் சுலபம். கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் சேர்த்து அழுத்தி டாஸ்க் மேனேஜரைத் திறந்து, கணினியோடு தானாகத் தொடங்குபவற்றைக் காட்டும் ஸ்டார்ட்அப் பகுதியில் தேவையில்லாதவற்றை முடக்குங்கள். விண்டோஸ் அப்டேட்டில், கணினி தானாக மறுதொடக்கம் ஆகக்கூடாத நேரமான ஆக்டிவ் ஹவர்ஸைப் பதினெட்டு மணி நேரம் வரை வைக்கலாம்; விளையாடும் நேரம் அதற்குள் வரட்டும். கேமிங் பகுதியில் கேம் மோட் போட்டிருந்தால் விளையாடும்போது மறுதொடக்க அறிவிப்பு வராது.

ஆட்டத்தின் அமைப்பில் "பார்டர்லெஸ்" என்று ஒன்று இருந்தால் முழுத்திரைக்குப் பதில் அதையே வையுங்கள். அப்போது எது குறுக்கே வந்தாலும் ஆட்டம் கீழே இறங்காது, பின்னால் ஓடிக்கொண்டேயிருக்கும்.

கேம் பூஸ்டர், பாப்-அப் கில்லர் என்று விற்கும் மென்பொருள் எதையும் போடாதீர்கள் என்பது என் உறுதியான கருத்து. நான் போட்டுப் பார்த்த இரண்டும் தங்கள் பங்குக்கு அறிவிப்பு அனுப்பின.

பின்சேர்க்கை 1: எல்லாம் செய்தும் ஆட்டத்தின் நடுவே விசைகள் வேலை செய்யவில்லை, மூலையில் "தமிழ்" என்று வருகிறது என்று திருவாரூரிலிருந்து ஒரு தம்பி எழுதியிருந்தார். தமிழ்த் தட்டச்சு வைத்திருக்கும் நம் எல்லாருக்கும் உள்ள சிக்கல் இது. ஆல்ட்டும் ஷிஃப்டும் சேர்ந்து விழுந்தால் மொழி மாறிவிடும். டைம் அண்ட் லாங்குவேஜ், டைப்பிங், அட்வான்ஸ்டு கீபோர்டு செட்டிங்ஸ் போய், "இன்புட் லாங்குவேஜ் ஹாட் கீஸ்" திறந்து, சேஞ்ச் கீ சீக்வன்ஸில் இரண்டு பக்கமும் "நாட் அசைன்டு" வையுங்கள். மொழி மாற்ற விண்டோஸ் விசையும் ஸ்பேஸும் போதும். என்.எச்.எம். ரைட்டர், எ-கலப்பை போன்ற தமிழ்த் தட்டச்சு மென்பொருள் வைத்திருப்பவர்கள் ஆட்டத்துக்கு முன் அவற்றை மூடிவிடுங்கள்.

பின்சேர்க்கை 2: ஒரு கறுப்புப் பெட்டி கண் இமைக்கும் நேரம் வந்து மறைகிறது, வட்டத்தை இழுக்கவே நேரமில்லை என்று இரண்டு பேர் கேட்டார்கள். அது பெரும்பாலும், குறித்த நேரத்தில் வேலைகளைத் தானாக ஓட்டும் விண்டோஸின் டாஸ்க் ஷெட்யூலரில் உள்ள ஏதோ ஒரு வேலை. பெட்டி வந்த நேரத்தை நிமிடக் கணக்கில் ஒரு தாளில் குறித்துக்கொண்டு, டாஸ்க் ஷெட்யூலரைத் திறந்து, ஒவ்வொரு கோப்புறையாக "லாஸ்ட் ரன் டைம்" நெடுவரிசையைப் பாருங்கள். அதே நிமிடத்தில் ஓடியது எதுவோ அதுதான். என்னவென்று தெரிந்த பிறகு மட்டும் வலது சொடுக்கில் டிஸேபிள் செய்யுங்கள், டெலீட் வேண்டாம். கேட்டவர்களில் ஒருவருக்கு அது கைரேகைக் கருவியின் அப்டேட் வேலையாக இருந்தது. இரவில் முடக்கிவிட்டுக் காலையில் கடை திறந்ததும் மறுபடி இயக்கிக்கொள்கிறார்.