கணவருக்கு ஜாமீன் வரும்போது என்ன நிபந்தனை கேட்கலாம்?

மனைவியைக் கொடுமைப்படுத்திய வழக்கில் (முன்பு இந்திய தண்டனைச் சட்டம் 498ஏ, 2024 ஜூலை 1 முதல் புதிய குற்றச் சட்டமான பிஎன்எஸ் பிரிவு 85) கணவர் முன்ஜாமீன் (கைதுக்கு முன்பே வாங்கும் ஜாமீன்) கேட்டுவிட்டார் என்று தெரிந்ததும் பலர் இடிந்துபோகிறார்கள். வேண்டாம். மூன்று ஆண்டுவரை மட்டுமே தண்டனை உள்ள குற்றம் இது, உச்ச நீதிமன்றத்தின் 2014 அர்னேஷ் குமார் தீர்ப்புக்குப் பிறகு போலீஸ் எடுத்தவுடன் கைது செய்யவும் முடியாது, அதனால் ஜாமீன் பெரும்பாலும் கிடைத்துவிடும். உங்கள் கவனம் நிபந்தனையில் இருக்கட்டும்.

ஜாமீன் மனு விசாரணைக்கு வருவதற்கு முன்பே அரசு வழக்கறிஞரைப் பாருங்கள். எஃப்ஐஆர் நகல், ஆஸ்பத்திரிச் சீட்டு, மிரட்டல் வாட்ஸ்அப் எல்லாவற்றையும் பிரிண்ட் எடுத்துக் கொடுங்கள். உங்கள் வக்கீல் மூலம் இடையீட்டு மனுவும் (அந்த ஜாமீன் மனுவில் உங்கள் தரப்பையும் கேட்கச் சொல்லும் மனு) போடலாம்.

"பாதுகாப்பு வேண்டும்" என்று மொட்டையாகக் கேட்காதீர்கள். வீடு, ஆபீஸ், பிள்ளையின் பள்ளி வாசல் பக்கம் வரக்கூடாது, மாமியார் நாத்தனார் மூலமாகக்கூடப் பேசக்கூடாது, சாட்சிகளை மிரட்டக்கூடாது, ஸ்டேஷனில் கையெழுத்துப் போட வேண்டும், வெளிநாட்டு வேலை என்றால் பாஸ்போர்ட்டை ஒப்படைக்க வேண்டும், இப்படித் தெளிவாகச் சொல்லுங்கள். "சேர்ந்து வாழ்கிறேன், எல்லாத் தேவையையும் பார்த்துக்கொள்கிறேன்" என்று எழுதிக் கொடுக்கச் சொல்லும் நிபந்தனை நிற்காது, 2024இல் உச்ச நீதிமன்றமே அப்படி ஒன்றை ரத்து செய்தது.

அப்புறம், உத்தரவு நகலைக் கையில் வைத்திருங்கள். ராத்திரி 11.40க்கு அவர் தெருமுனையில் பைக்கை நிறுத்திவிட்டு உங்கள் ஜன்னலையே பார்த்துக்கொண்டு நின்றால் தேதி, நேரத்தோடு குறித்து, முடிந்தால் போட்டோ எடுத்து, மறுநாளே ஸ்டேஷனில் புகார் கொடுத்து ரசீது வாங்குங்கள். ஜாமீனை ரத்து செய்யக் கேட்கும் மனுவுக்கு அந்த ரசீதுதான் வேண்டும்.