தேவகோபத்தைப் பற்றிப் பேசும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஒரு நிலநடுக்கமோ வெள்ளமோ பெரிய விபத்தோ நடந்தால் போதும், மறுநாளே "இது தேவகோபம்" என்று யாராவது சொல்லிவிடுகிறார்கள். சொல்கிறவர்கள் பெரும்பாலும் பக்தியுள்ளவர்கள், வேதத்தை மதிப்பவர்கள். ஆனால் தேவனுடைய கோபத்தைப் பற்றி வேதம் சொல்வதை முழுக்க வாசித்துப் பார்த்தால், இந்தப் பேச்சுக்கு அதில் இடம் கிடைப்பது கஷ்டம். யார்மேல் கோபம், யாருக்காகக் கோபம் என்று கேட்காமல், கோபத்தை மட்டும் பிடித்துக்கொள்வதால்தான் இந்த விஷயத்தில் பெரும்பாலான தவறுகள் வருகின்றன.

மற்றவர்களுடைய துன்பத்தைப் பார்த்து அவர்களுக்குத் தீர்ப்பு எழுதுவதுதான் இவற்றில் மிகவும் பரவலானது, மிகவும் கொடியதும்கூட. லூக்கா 13-ஆம் அதிகாரத்தின் தொடக்கத்தை நிதானமாக வாசியுங்கள். பலி செலுத்த வந்த கலிலேயர் சிலரைப் பிலாத்து கொன்றுபோட்டான், அவர்களுடைய இரத்தம் அவர்கள் செலுத்திய பலிகளோடு கலந்துபோனது என்ற செய்தியைச் சிலர் இயேசுவிடம் கொண்டுவருகிறார்கள். செத்தவர்கள் மற்றக் கலிலேயரைவிடப் பெரிய பாவிகள் என்று நினைக்கிறீர்களா என்று அவர் கேட்கிறார். கேட்டுவிட்டு, யாரும் சொல்லாத இன்னொரு சம்பவத்தைத் தாமாகவே எடுக்கிறார்: சீலோவாமில் கோபுரம் விழுந்து 18 பேர் செத்தார்களே, எருசலேமில் குடியிருந்த எல்லாரையும்விட அவர்கள் குற்றவாளிகளா? முதலாவது, ஓர் ஆட்சியாளன் செய்த கொலை. இரண்டாவது, யாரும் திட்டமிடாத விபத்து. இரண்டுக்கும் அவர் தரும் பதில் ஒன்றுதான்: "அப்படியல்ல."

நியாயத்தீர்ப்பே கிடையாது என்று அவர் சொல்லவில்லை. "நீங்கள் மனந்திரும்பாமற்போனால் எல்லாரும் அப்படியே கெட்டுப்போவீர்கள்" என்று, கேட்டுக்கொண்டிருந்தவர்கள் பக்கமே பேச்சைத் திருப்புகிறார். அடுத்தவனுடைய சாவை ஆராய வந்தவர்கள் தங்கள் வாழ்க்கையை ஆராய வேண்டியதாகிவிட்டது. அதைத் தொடர்ந்து வருவது கனிகொடாத அத்திமரத்தின் உவமை. மூன்று வருஷமாகக் கனி இல்லை, வெட்டிப்போடு என்கிறான் சொந்தக்காரன். இந்த வருஷமும் இருக்கட்டும், சுற்றிலும் கொத்தி எருப்போடுகிறேன் என்று தோட்டக்காரன் மன்றாடுகிறான். எச்சரிப்பும் அவகாசமும் ஒரே பேச்சில் வருகின்றன. பிரசங்கங்களில் பெரும்பாலும் எச்சரிப்பு மட்டும் எடுபடுகிறது, அவகாசம் விடுபட்டுப்போகிறது.

நீதிமானாக இருந்தும் எல்லாவற்றையும் இழந்து துன்பப்பட்ட யோபுவின் நண்பர்களும் இதே குழியில்தான் விழுந்தார்கள். எலிப்பாஸ், பில்தாத், சோப்பார் மூவரும் முதல் ஏழு நாள் ஒரு வார்த்தையும் பேசாமல் அவனோடு தரையில் உட்கார்ந்திருந்தார்கள். அதுவரை சரி. வாயைத் திறந்த பிறகுதான் எல்லாம் கெட்டது. நீதிமானுக்கு நன்மை, பாவிக்குத் தண்டனை, நீ துன்பப்படுகிறாய், ஆகவே நீ பாவம் செய்திருக்கிறாய். கேட்பதற்குத் தர்க்கம் சுத்தமாக இருக்கிறது, தேவனுக்காக வாதாடுவதுபோலவும் இருக்கிறது. ஆனால் புத்தகத்தின் கடைசியில் கர்த்தர் எலிப்பாசைப் பார்த்து, "உன்மேலும் உன் இரண்டு சிநேகிதர்மேலும் எனக்குக் கோபம் மூளுகிறது" என்கிறார். அத்தனை அதிகாரங்களாக யோபுவின்மேல் தேவகோபம் இருக்கிறது என்று சாதித்தவர்கள்மேல்தான் கடைசியில் அந்தக் கோபம் வந்தது. அவர்கள் தப்பியதும் யோபு அவர்களுக்காக ஜெபித்ததால்தான். துன்பத்தில் இருப்பவரிடம் விளக்கம் சொல்லப் போகிற ஒவ்வொருவரும் யோபு 42-ஐ ஒருமுறை வாசித்துவிட்டுப் போகலாம்.

சரித்திரத்திலும் இது திரும்பத் திரும்ப நடந்திருக்கிறது. 1755 நவம்பர் 1, சகல பரிசுத்தவான்களின் திருநாள். போர்ச்சுகலின் லிஸ்பன் நகரத்து ஆலயங்களில் ஜனங்கள் கூடியிருந்த காலை வேளையில் பூமி அதிர்ந்தது. பின்னாலேயே கடல் பொங்கியது, தீ பரவியது. பல்லாயிரம் பேர் செத்தார்கள். மலாகிரிடா என்ற இயேசு சபைக் குருவானவர், நகரத்தாரின் பாவங்கள்தான் காரணம் என்று எழுதினார். இங்கிலாந்தில் மெதடிஸ்ட் இயக்கத் தலைவர் ஜான் வெஸ்லி, சபைப் போதனைக்கு மாறானவர்களைத் தண்டித்த கத்தோலிக்க விசாரணை மன்றம் சிந்திய இரத்தத்துக்குத் தேவன் அங்கே கணக்குக் கேட்கத் தொடங்கியிருந்தால் அதில் ஆச்சரியமில்லை என்ற பொருளில் எழுதினார். ஒரே அழிவு, இரண்டு விதமான காரணம். அவரவருடைய சமய நிலைப்பாடு எதுவோ அதை ஒட்டியே காரணமும் அமைந்தது. வெஸ்லி பெரிய ஊழியக்காரர், அதில் சந்தேகமில்லை. அவரே வழுக்கிய இடம் என்பதால்தான் நாம் இன்னும் கவனமாக இருக்க வேண்டும்.

இங்கே ஒரு நியாயமான கேள்வி எழும். எருசலேமின் அழிவு தேவனுடைய கோபம் என்று தீர்க்கதரிசிகள் சொல்லவில்லையா? சொன்னார்கள். ஆனால் எப்படிச் சொன்னார்கள் என்று பாருங்கள். எரேமியா பகைவர் ஊரைப் பார்த்துப் பேசவில்லை, தன் சொந்த ஜனத்திடம் பேசினான். எல்லாம் முடிந்த பிறகு விளக்கம் சொல்ல வரவில்லை, திரும்பிவர நேரம் இருக்கும்போதே வருஷக்கணக்காக எச்சரித்தான். அதற்காக அடிபட்டான், துரவிலே போடப்பட்டான். "ஆ, என் தலை தண்ணீரும், என் கண்கள் கண்ணீரூற்றுமானால் நலமாயிருக்கும்" என்று அழுதான். அந்தக் கண்ணீர் இல்லாமல் அவன் வார்த்தைகளை மட்டும் கடன் வாங்குவது முறையல்ல.

அடுத்து, பழைய ஏற்பாட்டின் தேவன் கோபக்காரர், புதிய ஏற்பாட்டின் தேவன் அன்பானவர் என்ற பிரிவினை. இது புதிதில்லை. இரண்டாம் நூற்றாண்டில் மார்சியோன் என்பவர் இவை இரண்டும் வேறு வேறு தெய்வங்கள் என்றே போதித்தார். பழைய ஏற்பாட்டைத் தள்ளிவிட்டு, லூக்காவின் சுவிசேஷத்தையும் பவுலின் பத்து நிருபங்களையும் தனக்கு ஏற்றபடி வெட்டி வைத்துக்கொண்டார். ரோமாபுரிச் சபை 144-ஆம் ஆண்டில் அவரை விலக்கியது. இன்றும் யாரும் மார்சியோனின் பெயரைச் சொல்லாமலேயே அவர் வழியில் பேசிவிடுகிறோம். யாத்திராகமம் 34-இல் கர்த்தர் தம்மைப் பற்றித் தாமே அறிவிக்கும்போது இரக்கம், கிருபை, நீடிய சாந்தம் என்றுதான் தொடங்குகிறார். அந்த வார்த்தைகள் எண்ணாகமம், நெகேமியா, சங்கீதங்கள், யோவேல், யோனா என்று பழைய ஏற்பாடு முழுக்கத் திரும்ப ஒலிக்கின்றன. இந்தப் பக்கம், ஓய்வுநாளில் சூம்பின கையுள்ள மனுஷனைக் குணமாக்கலாமா என்று கேட்டபோது பதில் பேசாமல் இருந்தவர்களை இயேசு "கோபத்துடனே" பார்த்தார் என்று மாற்கு எழுதுகிறார். அதே வசனத்தில், அவர்களுடைய இருதயகடினத்தினிமித்தம் விசனப்பட்டார் என்றும் எழுதுகிறார். பொய் சொன்ன அனனியாவும் சப்பீராளும் விழுந்து செத்தது அப்போஸ்தலருடைய நடபடிகளில். "ஆட்டுக்குட்டியானவருடைய கோபம்", அதாவது இயேசுவின் கோபம், வெளிப்படுத்தின விசேஷத்தில்.

சரி, தேவனுக்குக் கோபமே இல்லை என்று விட்டுவிட்டால் பிரச்சினை தீருமா? நல்ல மனதோடு சிலர் அப்படிச் சொல்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை, காரணம் யாத்திராகமம் 22. விதவையையும் திக்கற்ற பிள்ளையையும் ஒடுக்காதீர்கள், அவர்கள் என்னை நோக்கி முறையிட்டால் நான் கேட்பேன், என் கோபம் மூளும் என்கிறார் கர்த்தர். நீதிமானைப் பணத்துக்கும் எளியவனை ஒரு ஜோடு பாதரட்சைக்கும் விற்றுப்போட்டவர்கள்மேல் வந்த கோபம்தான் ஆமோஸ் புத்தகத்தின் மையம். இந்தக் கோபத்தை எடுத்துவிட்டால், அந்த விதவையின் அழுகையைக் கேட்டும் சும்மா இருக்கிற ஒரு தேவன்தான் மிஞ்சுவார். நான்காம் நூற்றாண்டின் தொடக்கத்தில் லாக்டான்சியஸ் என்ற கிறிஸ்தவ எழுத்தாளர் இதைத்தான் வாதாடினார்: தீமையின்மேல் கோபம் வராதவருக்கு நன்மையின்மேல் அன்பும் இருக்க முடியாது. 96-ஆம் சங்கீதத்தில் கர்த்தர் பூமியை நியாயந்தீர்க்க வருகிறார் என்று கேட்டு வானங்கள் மகிழ்கின்றன, மரங்கள் கெம்பீரிக்கின்றன. நசுக்கப்பட்டவனுக்கு நியாயத்தீர்ப்பு நல்ல செய்தி. நமக்கு அது பயமாக மட்டுமே தெரிகிறதென்றால், நாம் எந்தப் பக்கம் நிற்கிறோம் என்று யோசிக்கலாம்.

தேவகோபம் நம்முடைய கோபத்தைப் போன்றது என்று எண்ணுவதும் தவறு. நமக்கு ஆத்திரம் வரும், கண்மண் தெரியாது, அப்புறம் வருத்தப்படுவோம். தேவனுடைய கோபம் மனக்கலக்கம் இல்லை, பாவத்துக்குத் தண்டனை விதிக்கும் தீர்ப்பு என்று ஆதிச் சபையின் பிதாக்களில் ஒருவரான அகுஸ்தீன் விளக்கினார். பவுல் ரோமர் முதல் அதிகாரத்தில் அந்தக் கோபத்தை விவரிக்கும்போது இடியும் மின்னலும் வரவில்லை. தேவன் அவர்களை அவர்களுடைய இச்சைகளுக்கே ஒப்புக்கொடுத்தார் என்று மூன்று முறை சொல்கிறார். கேட்டதைக் கையில் கொடுத்துவிடுவதும் ஒரு தீர்ப்புதான். அதற்காக அதை உணர்ச்சியற்ற ஒரு விதியாக ஆக்கிவிடவும் கூடாது. ஓசியா 11-இல் இஸ்ரவேலைப் பார்த்து "எப்பிராயீமே, நான் உன்னை எப்படிக் கைவிடுவேன்?" என்று கர்த்தர் கேட்பது விதியின் குரலா? உக்கிர கோபத்தின்படி செய்யமாட்டேன் என்பதற்கு அங்கே சொல்லப்படும் காரணமே, நான் மனுஷனல்ல, தேவன் என்பதுதான்.

சிலுவையைப் பற்றிப் பேசும்போது வேறொரு தவறு நுழைகிறது. கோபமான பிதா அடிக்கக் கையை ஓங்கினார், இரக்கமுள்ள குமாரன் குறுக்கே வந்து அடியை வாங்கிக்கொண்டார் என்று ஞாயிறு பள்ளிப் பிள்ளைகளுக்குக்கூடச் சொல்லிவிடுகிறோம். பிள்ளைகளின் மனதில் இயேசு நல்லவராகவும் பிதா பயப்பட வேண்டியவராகவும் பதிந்துவிடுகிறார். யோவான் 3:16-இல் உலகத்தில் அன்புகூர்ந்து குமாரனைத் தந்தவர் பிதாதான். தேவன் கிறிஸ்துவுக்குள் உலகத்தைத் தமக்கு ஒப்புரவாக்கினார் என்கிறது 2 கொரிந்தியர் 5:19. சிலுவை தேவனை அன்புள்ளவராக மாற்றவில்லை, அன்புள்ளவராக இருந்ததால்தான் சிலுவை வந்தது. பாவத்துக்கான தண்டனையைக் கிறிஸ்து நம் இடத்தில் ஏற்றார் என்பதை அழுத்திச் சொன்ன சீர்திருத்தத் தலைவர் கால்வினும் இதை விட்டுக்கொடுக்கவில்லை. தேவன் நம்மில் அன்புகூரத் தொடங்கியது குமாரனுடைய இரத்தத்தால் ஒப்புரவான பிறகு இல்லை, உலகம் உண்டாவதற்கு முன்பே என்ற அகுஸ்தீனின் விளக்கத்தை அவர் எடுத்துக் காட்டுகிறார்.

முன்னோர் பாவம் பிள்ளைகளைத் துரத்துகிறது என்ற பயமுறுத்தலையும் சொல்லியாக வேண்டும். நோயாளிப் பிள்ளையோடு வந்த தாயிடம் "உங்கள் குடும்பத்தில் யாரோ செய்த பாவம்" என்று சொல்வது எவ்வளவு பெரிய காயம்! மூன்றாம் நான்காம் தலைமுறை வரைக்கும் விசாரிப்பேன் என்ற வசனம் உண்மைதான். ஆனால் அதே வாக்கியம் "என்னைப் பகைக்கிறவர்களைக்குறித்து" என்கிறது, அடுத்த வாக்கியம் ஆயிரம் தலைமுறைக்கு இரக்கம் என்கிறது. பிதாக்கள் திராட்சக்காய்களைத் தின்றார்கள், பிள்ளைகளின் பற்கள் கூசிப்போயின என்ற பழமொழியை இனிச் சொல்லவே கூடாது என்று எசேக்கியேல் 18 தடை போடுகிறது. பாவஞ்செய்கிற ஆத்துமாவே சாகும், குமாரன் தகப்பனுடைய அக்கிரமத்தைச் சுமப்பதில்லை. பிறவிக் குருடனைக் காட்டி, இவன் செய்த பாவமா, இவனைப் பெற்றவர்கள் செய்த பாவமா என்று சீஷர்கள் கேட்டபோது இயேசு இரண்டையுமே மறுத்தார்.

நியாயத்தீர்ப்பு நாளுக்குத் தேதி குறிப்பதைப் பற்றி அதிகம் பேசத் தேவையில்லை. அமெரிக்காவில் வில்லியம் மில்லர் என்ற பிரசங்கியைப் பின்பற்றியவர்கள், கிறிஸ்து வருவார் என்று 1844 அக்டோபர் 22-க்காகக் காத்திருந்தார்கள். அன்று அவர் வரவில்லை. பலர் உடைந்துபோனார்கள். பிதா தவிர ஒருவனுக்கும் தெரியாது என்று மாற்கு 13:32 சொல்லியிருக்கிறது.

தேவனுடைய கோபத்தை நாம் நிறைவேற்றப் புறப்படுவதுதான் மிச்சம் இருப்பது. "பழிவாங்குதல் எனக்குரியது" என்ற வசனத்தைப் பவுல் மேற்கோள் காட்டுவதே நீங்கள் பழிவாங்காதிருங்கள் என்பதற்காக. அடுத்த வரியில், சத்துரு பசியாயிருந்தால் போஜனங்கொடு என்கிறார். மனுஷனுடைய கோபம் தேவனுடைய நீதியை நடப்பிக்காது என்று யாக்கோபும் எழுதினார். இதற்கு லூக்கா 9-இல் ஒரு சம்பவம் இருக்கிறது. சமாரியருடைய கிராமம் ஒன்று இயேசுவை ஏற்றுக்கொள்ளவில்லை. இயேசுவின் சீஷர்களான யாக்கோபு (நிருபம் எழுதியவர் இல்லை, வேறொருவர்), யோவான் என்ற சகோதரர்கள், வானத்திலிருந்து அக்கினி இறங்கி இவர்களை அழிக்கும்படி நாங்கள் கட்டளையிடலாமா என்று கேட்டார்கள். எலியா செய்ததை முன்மாதிரி காட்டினார்கள், வேத ஆதாரம் கையில் இருந்தது. இயேசு திரும்பிப் பார்த்து அவர்களை அதட்டினார், அப்புறம் வேறு கிராமத்துக்குப் போனார்கள். சில வருஷங்கள் கழித்து சமாரியாவில் ஜனங்கள் தேவவசனத்தை ஏற்றுக்கொண்டார்கள் என்ற செய்தி எருசலேமுக்கு வருகிறது. அங்கே அனுப்பப்பட்ட இருவரில் ஒருவன் பேதுரு, இன்னொருவன் இதே யோவான். அவர்கள் சமாரியருக்காக ஜெபம்பண்ணினார்கள், அவர்கள்மேல் கைகளை வைத்தார்கள், அவர்கள் பரிசுத்த ஆவியைப் பெற்றார்கள். திரும்பும் வழியில் சமாரியருடைய அநேக கிராமங்களில் சுவிசேஷத்தைப் பிரசங்கித்தார்கள் என்று அப்போஸ்தலர் 8:25 சொல்கிறது.