கம்சாளே ஆட்டத்தைப் படமெடுக்க, பெயரோடு பாதுகாக்க

தென் கர்நாடகக் கிராமங்களில் மலை மாதேஸ்வரரின் அடியார்கள் ஆடுவது கம்சாளே. வெண்கலத் தாளம் இரண்டு: கிண்ணம்போல் குழிந்தது இடக்கையில், கயிறும் குஞ்சமும் கட்டிய தட்டையானது வலக்கையில். தட்டையானதை வீசிச் சுழற்றி இடக்கைத் தாளத்தில் அடிப்பார்கள். கேமராவில் சிக்க வேண்டியது அந்த அடி விழும் நொடி.

பகலில் ஷட்டர் வேகம் 1/1000 நொடி வையுங்கள். கயிற்றின் முறுக்குகூடத் தெரியும். எல்லாவற்றையும் அப்படியே எடுத்தால் ஆட்டம் சிலையாகிவிடும். சிலவற்றை 1/60இல் எடுங்கள், குஞ்சம் வளையமாக இழுபடும். இரவில் எல்இடி விளக்கடியில் எலக்ட்ரானிக் ஷட்டர் வைத்தால் குறுக்குப் பட்டைகள் விழும். மெக்கானிக்கல் ஷட்டரில் 1/50 அல்லது 1/100 சரி. ஃபிளாஷ் போடவே கூடாது. வெண்கலம் வெள்ளைப் பொட்டாகத் தெறிக்கும், ஆடுபவருக்குக் கண் கூசித் தாளம் தப்பும்.

பெரிய தவறு நடப்பது வீடு திரும்பிய பிறகு. ‘கர்நாடக நாட்டுப்புற நடனம்’ என்று மட்டும் பெயரிட்ட படம் அந்த ஊர்க்காரருக்கே பயன்படாது. ஊர், தாலூகா, தேதி, எந்தத் திருவிழா, யார் ஆடினார் என்பதை அன்றிரவே எழுதிவிடுங்கள். ஒவ்வொரு பொருளையும் ஆடியவரிடம் காட்டி “இதக்கெ ஏனந்தாரெ?” (இதற்கு என்ன சொல்வார்கள்?) என்று கன்னடத்தில் கேட்டு, பதிலைக் குரலாகவே பதியுங்கள். அவர் உச்சரித்த சொல்தான் முக்கியம். ராமநகரத்தில் உள்ள ஜானபத லோக அருங்காட்சியகத்தில் கருவிகளைப் பார்த்து ஒப்பிட்டுக்கொள்ளலாம்.

வீட்டுச் சுவரில் பழைய குழுப்படம் தொங்கினால் அனுமதி கேட்டு இறக்குங்கள். ஈரத்தில் படம் கண்ணாடியோடு ஒட்டியிருந்தால் பிரிக்கவே வேண்டாம், மேல்பூச்சு கண்ணாடியோடு உரிந்து முகங்கள் போய்விடும். திண்ணை நிழலில் சாய்த்து வைத்து, கேமராவை நேர் எதிரே பிடித்து, கண்ணாடியில் பிரதிபலிப்பு விழாமல் கேமராவுக்குப் பின்னால் கறுப்புத் துணி பிடிக்கச் சொல்லி எடுங்கள். சட்டமில்லாத தனிப் படமானால் 600 டிபிஐயில் ஸ்கேன் செய்து டிஃப் (TIFF) கோப்பாக வையுங்கள். பின்பக்கம் பால்பாயிண்ட் பேனா கூடாது, அழுத்தம் முன்பக்கம் புடைக்கும்.

அடுத்த முறை ஏ4 பிரிண்ட் இரண்டு கொண்டுபோங்கள். ஒன்று வீட்டாருக்கு. இன்னொன்றின்மேல் டிரேசிங் தாள் விரித்து முகங்களுக்கு எண் போட்டு, அஜ்ஜி, அஜ்ஜா (பாட்டி, தாத்தா) யாரையாவது உட்கார வைத்து இடமிருந்து வலமாகக் கேளுங்கள். ஆண்டைக் கேட்டால் தடுமாறுவார்கள், “ஊருக்குக் கரண்ட் வந்ததற்கு முன்னாலா, பின்னாலா?” என்றால் சட்டென்று சொல்வார்கள். ஒரே முகத்துக்கு இருவர் வேறு வேறு பெயர் சொன்னால் இரண்டையும், சொன்னவர் யாரென்பதோடு எழுதுங்கள்.