தேயிலைக் காட்டில் ஆவணப்பட ஒளிப்பதிவு

மூணாறு, தேவிகுளம் எஸ்டேட்டுகளில் கொழுந்தெடுக்கும் தமிழ்ப் பெண்களைப் படமெடுக்கப் போனால் முதலில் ஏமாற்றுவது மூடுபனி. நம் கண்ணுக்கு மங்கல். ஒளியை அளக்கும் கேமரா மீட்டருக்கோ திரை முழுக்க வெள்ளை. ஆட்டோ மோடில் விட்டால் அது எக்ஸ்போஷரை, அதாவது பதிவாகும் ஒளியின் அளவைக் குறைக்கும், முகங்கள் கருத்துப்போகும். மேனுவலில் மீட்டர் காட்டுவதைவிட 1 முதல் 1½ ஸ்டாப் கூட்டுங்கள் (ஒரு ஸ்டாப் என்றால் ஒளி இரு மடங்கு). பனி வெளுத்தால் வெளுக்கட்டும்.

ஒயிட் பேலன்ஸை, அதாவது எது வெள்ளை என்று கேமராவுக்குச் சொல்லும் அமைப்பை, 5600 கெல்வினில் பூட்டுங்கள். இல்லாவிட்டால் இடுப்பில் கட்டிய நீலப் பிளாஸ்டிக் தாள் ஃப்ரேமுக்குள் வந்ததுமே தோலின் நிறம் மாறும். செடியிலிருந்து தாடைக்கடியில் ஏறும் பச்சையை முழுக்க நீக்க வேண்டாம். அது அந்த மலையின் நிறம்.

லயத்துக்குள், அதாவது தொழிலாளர்களின் வரிசை வீட்டுக்குள், கதவுதான் விளக்கு. பேசுகிறவரை வாசலிலிருந்து மூன்றடி உள்ளே, ஒளி ஒரு பக்கம் விழும்படி உட்காரவைத்து, கேமராவை இருட்டுப் பக்கம் நிறுத்துங்கள். ட்யூப்லைட்டை அணைக்க முடியாதென்றால் விநாடிக்கு 25 ஃப்ரேமுக்கு ஷட்டர் 1/50 விநாடி. நம் கரண்ட் 50 ஹெர்ட்ஸ் என்பதால் 1/60 வைத்தால் சுவர் துடிக்கும். சின்ன மானிட்டரில் அது தெரியாது.

குளிரில் இருந்த லென்ஸ் அடுப்பெரியும் சமையலறைக்குள் வந்தால் வியர்த்துவிடும். துடைத்தாலும் திரும்பப் படியும். பையின் ஜிப்பைத் திறக்காமல் உள்ளே அரை மணி நேரம் வையுங்கள். அதற்குள் ஒரு கட்டஞ்சாயா (பாலில்லாத டீ) வரும், பேச்சும் தொடங்கும்.

தூரத்திலிருந்து 200 மி.மீ. லென்ஸில் எடுத்தால் சுற்றுலாக் காலண்டர்தான் கிடைக்கும். 35 மி.மீ. போட்டு நாலடியில் நில்லுங்கள், நடைபாதையை மறிக்காமல். எடை போடும் இடத்தில்தான் காட்சி இருக்கிறது: தராசில் ஏறும் எண், அதைப் பார்க்கும் கண், நோட்டில் குறிக்கும் கை, காலிச் சாக்கை உதறி மடிக்கும் விரல்கள். ஒவ்வொன்றையும் குறைந்தது பத்து விநாடி அசையாமல் பிடியுங்கள். எண் எழுதியதும் கேமராவை நிறுத்திவிடுவது புதியவர்கள் செய்யும் தவறு. குறைத்துப் போட்டதாக முணுமுணுப்பு எழுவது அதற்குப் பிறகுதான். வாய்ப்புக் கேட்டுப் போகும்போது ட்ரோன் ஷாட்டுகளைக் கோத்த ஒரு நிமிஷத் துண்டை விட்டுவிட்டு, பின்னணி இசையில்லாமல் ஐந்து நிமிஷம் ஓடும் இந்தக் காட்சியைக் காட்டுங்கள். வெட்டிச் சேர்க்க ஷாட் இருக்கிறதா என்றுதான் இயக்குநர் பார்ப்பார்.

விநாடிக்கு 100 மெகாபிட் வேகத்தில் ஒரு மணி நேரப் பதிவு 45 ஜிபி. அன்றைக்கு எடுத்ததை அன்றிரவே இரண்டு ஹார்ட் டிஸ்க்கில் ஏற்றி, இரண்டையும் வெவ்வேறு பையில் வைத்த பிறகே கார்டை அழியுங்கள். மழைக்காலத்தில் கரண்ட் போகும். மாலையில் திரும்பியதும் முதல் வேலை பேட்டரி சார்ஜ்.