வீவ் மந்திரமல்ல: டி அண்ட் டி ஆடுபவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஆளுக்கொரு பாத்திரமாகச் சேர்ந்து கதை ஆடுகிற டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ் (டி அண்ட் டி) விளையாட்டில் இருக்கும் பலருக்கும் வீவ் என்ற பெயர் தெரியும். அது என்னதான் செய்கிறது என்று கேட்டால் மட்டும் "அதுதான்பா மந்திரம்" என்று முடித்துவிடுவார்கள். முதல் தவறே அதுதான். அந்த ஆட்டத்தின் கற்பனை உலகங்களில் ஒன்றான ஃபர்காட்டன் ரியல்ம்ஸில் மந்திர ஆற்றல் கல், ஓடை, காற்று, உயிர் என்று எல்லாவற்றிலும் ஊறிக் கிடக்கிறது, ஆனால் மனிதனோ எல்ஃபோ அதை நேரடியாகத் தொட முடியாது. அந்தக் கச்சா ஆற்றலுக்கும் மந்திரம் போடுபவரின் எண்ணத்துக்கும் நடுவில் இருக்கிற இழைப்பரப்புதான் வீவ். கரண்ட் வேறு, வயரிங் வேறு இல்லையா, அந்த மாதிரி. வீவ் கிழிந்த இடத்தில் எப்பேர்ப்பட்ட ஆர்ச்மேஜ் வந்து நின்றாலும் மந்திரத்தால் ஒரு மெழுகுவத்தியைக்கூடக் கொளுத்த முடியாது. ஆற்றல் அங்கேயேதான் இருக்கும், எடுக்கத்தான் வழியில்லை.

இதைப் பிடித்துக்கொண்டால் மற்றக் குழப்பங்களில் பாதி போய்விடும். உதாரணமாக, ஸ்பெல் ஸ்லாட் (ஓய்வெடுக்காமல் இத்தனை மந்திரம் போடலாம் என்ற கணக்கு) தீர்ந்ததும் "உன்னைச் சுற்றி வீவ் வற்றிவிட்டது" என்று வர்ணிக்கிற டிஎம்கள் (ஆட்டத்தை நடத்துபவர்கள்) இருக்கிறார்கள். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் தீர்ந்தது ஆளின் தெம்பு. இழைகளைப் பிடித்து வளைப்பது உடம்பையும் மூளையையும் சேர்த்துக் களைப்பாக்குகிற வேலை, அதற்கான அளவுதான் ஸ்லாட். பக்கத்தில் நிற்கும் இன்னொரு விஸார்ட் (படித்து மந்திரம் கற்றவர்) அதே இடத்தில், அதே நொடியில் ஃபயர்பால் மந்திரம் போடலாம்.

அப்புறம், "நான் கிளெரிக், எனக்குச் சக்தி கொடுப்பது சாமி, வீவ் கிழிந்தால் எனக்கென்ன?" என்று கேட்கிறவர்கள். உங்கள் சாமியும் அதே வீவ் வழியாகத்தான் கொடுக்கிறது! விஸார்ட் இழையைத் தானே இழுக்கிறார், கிளெரிக்குக்குத் தெய்வம் இடையில் நிற்கிறது, வித்தியாசம் அவ்வளவுதான்.

ஆட்டத்தில் நிஜமாகவே சண்டை வருகிற இடம் ஆன்டிமேஜிக் ஃபீல்ட், அதாவது ஒரு வட்டத்துக்குள் மற்ற மந்திரங்களைத் தடுக்கிற மந்திரம். அந்த மந்திரம் வீவைக் கிழிப்பதில்லை, மந்திரம் அந்த வட்டத்துக்குள் நுழையாமல் சுற்றிப் போகும்படி இழைகளை மாற்றி வைக்கிறது, அதனால் ஃபீல்ட் முடிந்ததும் எல்லாம் பழையபடி ஆகிவிடும். வீவ் சேதமான இடம் அப்படியில்லை. அங்கே மந்திரம் ஒன்று வேலையே செய்யாது, அல்லது கன்னாபின்னாவென்று வேலை செய்யும். இரண்டையும் ஒன்றாக நினைத்துக்கொண்டு, ஆன்டிமேஜிக் ஃபீல்டுக்குள் டிராகன் பறந்து வந்தால் தொப்பென்று விழவைக்கிறார்கள். விழாது. அதன் நெருப்பு மூச்சும் நிற்காது. ஆட்ட விதிநூலின் ஐந்தாம் பதிப்புக்கான அதிகாரபூர்வ விளக்கப்படி, டிராகனின் உடம்பிலேயே ஊறிய பின்னணி மந்திரம் வேறு, ஸ்பெல்லாகவோ மந்திரப் பொருளாகவோ திரட்டப்பட்ட மந்திரம் வேறு. ஃபீல்ட் தடுப்பது இரண்டாவதை மட்டும்.

வீவ் மலை, கடல் மாதிரி சும்மா கிடக்கிற இயற்கைப் பொருள் என்று நினைப்பது அடுத்த தவறு, கதை எழுதும் டிஎம்கள் அதிகம் சறுக்குவது இதில்தான். அதை யாராவது விடாமல் பராமரித்துக்கொண்டே இருக்க வேண்டும். கார்சஸ் என்ற மந்திரவாதியின் கதை இதற்காகவே தெரிந்திருக்க வேண்டிய ஒன்று. அந்த உலகத்து ஆண்டுக் கணக்கான டேல் கணக்கில் -339-ஆம் ஆண்டு, மிதக்கும் நகரங்களைக் கட்டிய நெதரில் பேரரசு ஃபேரிம் என்ற எதிரிகளிடம் திணறிக்கொண்டிருந்தது. அப்போது இந்த மேதாவி பன்னிரண்டாம் நிலை மந்திரம் ஒன்றைப் போட்டு, மந்திர தேவி மிஸ்ட்ரிலின் தெய்வத்தன்மையையே பிடுங்கிக்கொண்டார். சக்தி வந்தது, கூடவே வீவைக் கட்டிக் காக்கும் வேலையும் வந்தது, அதைச் செய்ய அவருக்குத் தெரியவில்லை. வீவ் பிய்ந்துபோக ஆரம்பித்ததும் மிஸ்ட்ரில் தன்னையே பலி கொடுத்து அந்தத் தொடர்பை அறுத்தாள். மந்திரம் நின்றது, நகரங்கள் வானத்திலிருந்து விழுந்தன. அடுத்து மந்திர தேவியாக வந்த மிஸ்ட்ரா அவ்வளவு பெரிய மந்திரங்களுக்கே தடை போட்டாள். இன்றைக்கு உங்கள் விஸார்டின் பட்டியல் ஒன்பதாம் நிலையோடு நிற்பதற்குக் கதையில் இதுதான் காரணம். (ஆட்டத்தை வடிவமைத்தவர்களுக்கு வேறு காரணம் இருந்திருக்கும், அது வேறு பேச்சு.)

மிஸ்ட்ரா செத்த கதைகளைக் கலந்தடிப்பதையும் விட்டுவிடுங்கள். 1358-இல் காவல் தெய்வம் ஹெல்ம் அவளைக் கொன்றான், மிட்நைட் என்ற மானிடப் பெண் அந்த இடத்துக்கு வந்தாள். 1385-இல் இருளின் தேவி ஷாரின் துணையோடு சிரிக் என்ற தெய்வம் இந்தப் புது மிஸ்ட்ராவையும் கொன்றான், வீவ் சரிந்தது, ஸ்பெல்பிளேக் என்கிற பேரழிவு அதுதான். நான்காம் பதிப்பின் கதை அதற்கப்புறம் நடப்பது, மிஸ்ட்ரா இல்லாமலேயே ஆட்கள் மந்திரம் போட்டுக்கொண்டிருப்பார்கள். ஐந்தாம் பதிப்பில் அவளும் வீவும் திரும்பிவிட்டார்கள். ஒரு பதிப்பின் வரியைக் காட்டி இன்னொரு பதிப்பின் ஆளோடு மல்லுக்கட்டினால் விடியாது. கேம்பெய்ன் (நீங்கள் ஆடும் தொடர்கதை) எந்த ஆண்டில் நடக்கிறது என்பதை முதல் நாளே சொல்லிவிடுங்கள். வீவுக்குப் போட்டியாக ஷார் வைத்திருந்த ஷேடோ வீவை வில்லனுக்குக் கொடுக்க ஆசைப்படுகிறவர்களுக்கு இது ரொம்பவே முக்கியம், ஏனென்றால் 1385-இல் அதுவும் சேர்ந்தே சரிந்தது.

டார்க் சன் என்ற வேறொரு டி அண்ட் டி உலகத்தில் ஆடுகிறீர்கள் என்றால் மிஸ்ட்ராவை இழுக்காதீர்கள். அங்கே மந்திரத்துக்கான சக்தி செடிகொடிகளின் உயிரிலிருந்து வருகிறது, முரட்டுத்தனமாக எடுத்தால் காலடி மண் சாம்பலாகும். அதை விட்டுவிட்டு வீவைக் கொண்டுவந்து வைத்தால் அந்த உலகம் ஏன் பாலைவனமானது என்பதற்கே காரணம் இல்லாமல் போய்விடும்.