லாரி டிரைவர் பணியில் இறந்தால் குடும்பம் இழப்பீடு கேட்பது எப்படி?

முதலாளி வண்டியில் லோடு ஏற்றிக்கொண்டு போன டிரைவரோ கிளீனரோ விபத்தில் இறந்துபோனால், காரியம் முடிவதற்குள் வீட்டுக்கு இரண்டு பேர் வந்துவிடுவார்கள். முதலாளி அனுப்பிய ஆள் ஒருவர். வக்காலத்துப் படிவத்தோடு வருபவர் இன்னொருவர். இரண்டு பேரிடமும் அவசரப்பட்டுக் கையெழுத்துப் போடாதீர்கள். இந்தியச் சட்டத்தில் இழப்பீடு கேட்க இரண்டு வழிகள் இருக்கின்றன: தொழிலாளர் ஆணையரிடம் முதலாளிமேல் கேட்பது ஒன்று, மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போவது இன்னொன்று. ஆனால் ஒன்றில்தான் போகலாம். எந்த வழி என்பதை எஃப்.ஐ.ஆர். படித்த பிறகுதான் முடிவு செய்ய முடியும்.

படி 1: காகிதங்களைச் சேருங்கள்

எஃப்.ஐ.ஆர்., பிரேதப் பரிசோதனை அறிக்கை, மோட்டார் வாகன ஆய்வாளர் அறிக்கை, இறப்புச் சான்றிதழ், வாரிசுச் சான்றிதழ் (இ-சேவை மையத்தில் விண்ணப்பித்தால் தாசில்தார் தருவார்), வண்டியின் ஆர்.சி., இன்சூரன்ஸ் நகல், இறந்தவரின் லைசென்ஸ் எல்லாம் வேண்டும். இவற்றைவிட முக்கியமானது, அவர் அந்த முதலாளியிடம்தான் வேலை பார்த்தார் என்பதற்கான ஆதாரம். லாரித் தொழிலில் அப்பாயின்ட்மென்ட் ஆர்டர் யார் தருகிறார்கள்? ஆகவே டிரிப் ஷீட், லோடு பில், பேட்டா அனுப்பிய ஜிபே பதிவு, முதலாளியோடு பேசிய வாட்ஸ்அப் குரல் பதிவு என்று எது கிடைத்தாலும் எடுத்து வையுங்கள். இறந்தவரின் போனை ரீசெட் செய்யாதீர்கள், சிம்மையும் உயிரோடு வையுங்கள்.

படி 2: இ.எஸ்.ஐ. (தொழிலாளர் அரசுக் காப்பீடு) உண்டா என்று பாருங்கள்

இருந்தால் இந்தப் பதிவின் பெரும்பகுதி உங்களுக்குத் தேவைப்படாது. சார்ந்தோருக்கு மாதாமாதம் உதவித்தொகை இ.எஸ்.ஐ. கழகமே தரும், முதலாளியிடம் தனியாகக் கேட்க முடியாது. சிறிய லாரி உரிமையாளர்களிடம் வேலை செய்தவர்களுக்குப் பெரும்பாலும் இ.எஸ்.ஐ. இருப்பதில்லை.

படி 3: எஃப்.ஐ.ஆரில் தவறு யார்மேல் என்று படியுங்கள்

"அதிவேகமாகவும் அஜாக்கிரதையாகவும் ஓட்டி" என்ற வாசகம் அதில் பெரும்பாலும் இருக்கும். அதற்கு முன்னால் எந்த வண்டியின் நம்பர் வருகிறது என்பதுதான் கேள்வி.

எதிர்வண்டியின் நம்பர் என்றால், மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போவது பொதுவாக லாபம். அந்த வண்டியின் இன்சூரன்ஸ் கம்பெனி பணம் கட்டும்.

நம்மவர் ஓட்டிய வண்டியின் நம்பரே என்றால், மோட்டார் வாகனச் சட்டம் பிரிவு 166-இன் கீழ் தீர்ப்பாயத்தில் கேட்டால் வழக்கு நிற்காது. தவறு செய்தவரின் வாரிசுகள் அதே தவறுக்கு இழப்பீடு கேட்க முடியாது. இங்கேதான் பல குடும்பங்கள் "தப்பு அவர்மேல, ஒண்ணும் கிடைக்காது" என்று விட்டுவிடுகின்றன. அப்படி இல்லை. பணியாளர் இழப்பீட்டுச் சட்டம் 1923-இல் தவறு யார்மேல் என்ற கேள்வியே சாவு வழக்கில் பெரிதாக எழாது. வேலையின் காரணமாக, வேலை நேரத்தில் நடந்ததா என்றுதான் பார்ப்பார்கள். புளிய மரத்தில் மோதினாலும், இடித்த வண்டி எதுவென்றே தெரியாவிட்டாலும் முதலாளியின் பொறுப்பு அப்படியே இருக்கிறது. மாரடைப்புக்கும் வழி உண்டு. டெல்லியிலிருந்து 1,152 கிலோமீட்டர் லாரி ஓட்டி வந்து ஓட்டல் அருகே சுருண்டு இறந்த டிரைவரின் குடும்பத்துக்கு, 2012-இல் உச்ச நீதிமன்றம் இழப்பீடு உண்டு என்று சொன்னது.

இந்தச் சட்டம் 2025 நவம்பர் 21 முதல் சமூகப் பாதுகாப்புச் சட்டத்தொகுப்பு 2020-க்குள் போய்விட்டது. அந்தத் தேதிக்கு முன் நடந்த சாவுக்குப் பழைய சட்டம், பின் நடந்ததற்குப் புதியது. வீட்டிலிருந்து வேலைக்குப் போகும் வழி விபத்தும் வேலையோடு தொடர்பிருந்தால் சேரும் என்று புதிய சட்டம் வெளிப்படையாகவே சொல்கிறது.

படி 4: கணக்குப் போட்டுப் பாருங்கள்

வயது 35, மாதச் சம்பளம் 18,000 ரூபாய், மனைவி, இரண்டு பிள்ளைகள், தாய் என்று வைத்துக்கொள்வோம்.

பழைய சட்டப்படி சம்பள உச்சவரம்பு 15,000. அதில் பாதி 7,500. 35 வயதுக்குச் சட்டம் தரும் பெருக்கு எண் 197.06. பெருக்கினால் 14,77,950 ரூபாய். இதற்காகவே சொல்கிறேன்: 15,000-க்கு மேல் சம்பளம் என்று நிரூபிக்க இந்த வழியில் மெனக்கெட வேண்டாம்.

தீர்ப்பாயத்தில் 18,000-உடன் எதிர்கால வருமானத்துக்கு 40% சேர்த்தால் 25,200. சொந்தச் செலவுக்கு நான்கில் ஒரு பங்கு கழித்தால் 18,900. ஆண்டுக்கு 2,26,800. அதை, இந்த வழியில் அந்த வயதுக்கான பெருக்கு எண்ணான 16-ஆல் பெருக்க, 36,28,800 ரூபாய். ஈமச்செலவு போன்றவை தனி. விபத்தில் பாதித் தவறு நம்மவருடையது என்று தீர்ப்பானாலும் 18 லட்சத்துக்கு மேல் வருகிறது. வித்தியாசம் புரிகிறதா? ஆனால் இங்கே சம்பளத்துக்கு ஆதாரம் இல்லையென்றால் நீதிபதி தானாக ஒரு தொகையை எடுத்துக்கொள்வார், அது குறைவாகவே இருக்கும்.

படி 5: மனு போடுங்கள்

விபத்து நாக்பூரில் நடந்திருந்தாலும் அங்கே அலைய வேண்டியதில்லை. நாமக்கல்லில் குடியிருக்கும் குடும்பம் தன் பகுதிக்கான தொழிலாளர் துணை ஆணையர் அல்லது இணை ஆணையர் அலுவலகத்திலோ, நாமக்கல் தீர்ப்பாயத்திலோ மனு போடலாம். ஆணையரிடம் போக இரண்டு ஆண்டு அவகாசம் உண்டு. தீர்ப்பாயத்துக்கு 2022 ஏப்ரல் முதல் ஆறே மாதம்.

ஆணையரிடம் போடும் மனுவில் முதலாளியோடு, அவர் வண்டியின் இன்சூரன்ஸ் கம்பெனியையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க மறக்காதீர்கள். நிஜத்தில் பணம் வரப்போவது அங்கிருந்துதான்.

வக்கீலுக்குப் பணமில்லையா? மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் பெண்களுக்கு வருமான வரம்பே பார்க்காமல் இலவசமாக வக்கீல் வைத்துத் தருவார்கள். 15100 என்ற எண்ணில் கேட்கலாம்.

படி 6: முதலாளி நேரில் பணம் கொடுத்தால்

"இரண்டு லட்சம் வாங்கிக்கிட்டு முடிச்சுக்கலாம்மா" என்று பத்திரம் நீட்டுவார்கள். சாவு வழக்கில் இழப்பீட்டை ஆணையரிடம்தான் கட்ட வேண்டும், கையில் கொடுத்தது இழப்பீட்டுக் கணக்கில் சேராது. மூன்று மாதச் சம்பளம் வரை முன்பணமாகக் கொடுத்தால் மட்டும் கழித்துக்கொள்ளலாம். உரிமையை விட்டுக்கொடுத்ததாக எழுதிய ஒப்பந்தமும் செல்லாது. ஏற்கெனவே கையெழுத்துப் போட்டிருந்தாலும் மனு போடுங்கள்.

லோக் அதாலத்தில் (மக்கள் நீதிமன்றத்தில்) சமரசம் பேசுவது வேறு. அங்கே ஒப்புக்கொண்டால் மேல்முறையீடு கிடையாது. படி 4-இன் கணக்கைத் தாளில் எழுதி எடுத்துக்கொண்டு போங்கள்.

படி 7: தீர்ப்புக்குப் பிறகு

பழைய சட்டப்படி, ஒரு மாதத்துக்குள் கட்டாத தொகைக்கு ஆண்டுக்கு 12% வட்டி உண்டு. மனுவிலேயே அதைக் கேட்டிருக்க வேண்டும். மைனர் பிள்ளைகளின் பங்கை வங்கியில் வைப்புத்தொகையாகப் போட்டுவிடுவார்கள். பள்ளிக் கட்டணத்துக்குத் தேவைப்பட்டால் பள்ளியில் கட்டண விவரச் சீட்டு வாங்கி, உத்தரவு போட்ட அலுவலகத்திலேயே தனி மனு கொடுத்தால் அந்த அளவுக்கு எடுக்க அனுமதி கேட்கலாம்.