குழந்தையின் பெயருக்குச் சொல்லப்படும் பொருள் சரிதானா என்று பார்க்கும் முறை

ஆச்சியின் பெயரைப் பேத்திக்கு இடும் வழக்கமுள்ள திருநெல்வேலிச் சீமையில், பெயரின் பொருளைத் தவறாகச் சொல்லிக்கொடுத்தால் அந்தத் தவறும் தலைமுறை தாண்டும் என்பதால், பெயர்ப் பட்டியலில் கண்டதை அப்படியே ஏற்காமல் ஒருமுறை சோதித்துப் பார்க்க வேண்டும்.

முதலில் பெயரைச் சரியான இடத்தில் பிரியுங்கள். காந்திமதி என்பதற்கு 'ஒளிவீசும் நிலவு' என்று பொருள் சொல்லக் கேட்டால், அதே 'மதி' வரும் வேறு பெயர்களை அதன் அருகில் எழுதிப் பாருங்கள். பானு என்றால் கதிரவன். எனவே பானுமதியில் நிலவைப் பொருத்த முடியாது. இப்பெயர்களில் வரும் மதி, 'உடையவள்' என்னும் பொருள் தரும் வடமொழி ஈறு. வளர்மதி போன்ற பெயர்களில் உள்ள மதியே தமிழ் நிலவு. இதற்கு நம் கோயில்களிலேயே அருமையான சான்று இருக்கிறது: நெல்லையப்பர் கோயில் காந்திமதிக்கு வடிவுடையம்மை என்றும், சங்கரன்கோயில் கோமதிக்கு ஆவுடையம்மை என்றும் தமிழ்ப் பெயர்கள் வழங்குகின்றன, 'காந்தி'க்கு வடிவும், 'கோ'வுக்குப் பசுவைக் குறிக்கும் ஆவும், 'மதி'க்கு 'உடை'யும் நேராக அமைந்திருப்பதைக் காணலாம். வடிவு, ஆவுடையம்மாள் என்ற பெயர்களைப் பழையன என்று ஒதுக்குவோர் இந்தப் பொருத்தத்தை ஒருமுறை எண்ணிப்பார்க்க வேண்டுமென்பது என் விருப்பம்.

அடுத்து, மூலமொழி எழுத்தில் பெயர் எப்படி எழுதப்படுகிறது என்று கேட்டறியுங்கள். பாலன், கோபாலன் இரண்டிலும் தமிழில் ஒரே 'பா' இருந்தாலும், வடமொழியை எழுதும் நாகரியில் அவை வெவ்வேறு எழுத்துகள். முன்னது குழந்தை, பின்னதில் வருவது காப்பவன். எழுத்து உறுதியான பிறகே 1899ஆம் ஆண்டின் மோனியர் வில்லியம்ஸ் வடமொழி அகராதியைத் திறப்பது பயன் தரும். தமிழ்ப் பெயராயின், 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளிவந்த சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதியைப் பாருங்கள். வேற்றுமொழிச் சொல்லாக இருந்தால் அதன் மூலமும் அதில் குறிக்கப்பட்டிருக்கும்.

இசக்கி போன்ற பெயர்களைப் பேச்சு வடிவிலேயே தேடினால் போதாது. உயரம் என்பதை உசரம் என்கிறோமே, அதுபோல இயக்கி என்னும் பெண்தெய்வத்தின் பெயரே இசக்கி ஆயிற்று. சிலப்பதிகாரத்து அடைக்கலக் காதையில் ஆயர்குல முதியவள் மாதரி பால்மடை (பாற்சோற்றுப் படையல்) கொடுப்பதும் இயக்கிக்குத்தான்.

முத்துக்குளித்துறையில் மிகுதியாக வழங்கும் சேவியர், புனித பிரான்சிஸ் சேவியர் பிறந்த ஊரின் பெயர். பாஸ்கு மொழியில் அதற்குப் 'புதுவீடு' என்பது பொருள். இத்தகைய பெயர்களில் சொல்லின் பொருளையும், யார் நினைவாக இடப்பட்டது என்பதையும் தனித்தனியே குறித்துவைப்பது நல்லது.

இவற்றையெல்லாம் பார்க்கக் காலம் போதாதே என்று அஞ்ச வேண்டாம். பிறப்பை உரிய நாளில் பதிந்துவிட்டால், பெயரைப் பதிவு நாளிலிருந்து 12 மாதங்களுக்குள் கட்டணமின்றியும், அதன்பின் 15 ஆண்டுகள் வரை தாமதக் கட்டணத்துடனும் சேர்க்கலாம்.